தாவுற பட்டன்

ஓசூர் பேருந்து நிலையத்தில், கிருஷ்ணகிரி வண்டியில் எனக்கு முன் இருக்கையில் கம்பெனிச் சட்டை அணிந்த இருவர் பேசிக்கொண்டிருந்தனர்.

"கேம்ல தாவுற பட்டன இடது கைக்கு மாத்திக் குடுத்தேண்ணா" என்றான் இளையவன்.

"யாருக்குடா?" என்றார் மூத்தவர்.

"எங்க ரூம் சேகருக்குத்தான். கம்பெனில பிரஸ் மிஷின்ல வலது கை விரலு மூணு போச்சில்ல. பிரவுசிங் சென்டர்ல ரெண்டு பேரும் மாசக் கார்டு போட்டிருந்தோம். சின்ன வயசுல டிவில கேசட் சொருகி ஆடுன கேமெல்லாம் அங்க கம்ப்யூட்டர்லயே இருக்கு. அதுல அவன அடிக்க ஆளே இல்ல."

"இப்ப ஆடுனானா?"

"ஜெயிச்சான்ணா."

"அப்புறம் ஏன்டா மூஞ்சத் தொங்கப் போட்டிருக்க?"

"ஜெயிச்சா திரும்ப வேல கேப்பேன், தோத்தா ஊருக்குப் போயிருவேன்னான். அதான் கேம்ல நானே வேணும்னு குழியில விழுந்தேன். மூணாவது தடவ விழுந்தப்ப என்னையே பாத்தான். எந்திரிச்சுப் போயிட்டான்."

"எங்க?"

"ஊருக்குத்தான். இப்பத்தான் மதுரை பஸ்சுல ஏத்திவிட்டேன்."

வண்டி நகர்ந்தது.

"கார்டு இன்னும் இருவது நாள் இருக்கு. நீங்க ஆட வர்றீங்களாண்ணா?"

மூத்தவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "எனக்கு அதெல்லாம் தெரியாதுடா" என்றார்.