தழும்பு கேட்டவள்

இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். நடுவில் யாரும் எழுந்து போகக்கூடாது. என் தோழி கயோவின் பெரியம்மா மினேகோவுக்கு நடந்தது இது.

எங்கள் ஹிரோஷிமாவில் குண்டு விழுந்து ஆறு வருடம் ஆகியிருந்தது. பொழுது சாயும் நேரம்... ஆற்றோரச் சாலையில் ஆளே இல்லை. மினேகோ மட்டும் வேகவேகமாக நடந்துகொண்டிருந்தாள். குண்டில் வெந்த இடது கன்னம்... தழும்பு கழுத்துவரை தடித்துக் கிடந்தது. தங்கை சிசுரு குண்டு விழுந்த அன்று காலை கிழங்கு வாங்க வெளியூர் போயிருந்ததால் தப்பித்தவள். மினேகோவுக்குப் பேசியிருந்த மாப்பிள்ளையே இப்போது சிசுருவைக் கட்டிக்கொள்ளப் போகிறான்.

மினேகோ இப்படி ஆற்றோரம் நடந்த அன்று மத்தியானம் சிசுரு கல்யாண உடுப்பைப் போட்டுக்கொண்டு வந்து நின்றாள். "எப்படிக்கா இருக்கு?"

"அன்னிக்கு நீ ஊர்ல இருந்திருக்கணும்டி. நான் கிழங்கு வாங்கப் போயிருக்கணும்."

சொல்லிவிட்டு வெளியேறியவள்தான்.

பாலத்தருகே... சளக். சளக். ஈரக்கால் சத்தம். கருகிய முடி நாற்றம்.

திரும்பினாள். ஒரு பெண். முகம் இருக்கவேண்டிய இடத்தில்... வெறும் கரி.

"தங்கச்சி மேல பொறாமையா?" குரல் மட்டும் வந்தது. "எனக்கு உன் மேல."

மினேகோவுக்குப் பயத்தைவிட ஆத்திரம்தான் வந்தது. "இந்த மூஞ்சியப் பாத்தா பொறாமை?"

"அதைப் பாத்து அழ உனக்கு அம்மா இருக்கா. என்னைத் தேட எங்க தெருவுல ஒருத்தர்கூட மிஞ்சல. வேண்டாம்னா எனக்குக் குடேன்."

"எடுத்துக்கோ. எடுத்துட்டுத் தொலை!"

கன்னத்தில் சில்லென்று ஒரு விரல்...

கண்ணைத் திறந்தபோது யாரும் இல்லை. தொட்டுப் பார்த்தாள். கன்னம் வழவழவென்று இருந்தது. அழுதுகொண்டே, சிரித்துக்கொண்டே வீட்டுக்கு ஓடினாள்.

சிசுருதான் கதவைத் திறந்தாள். "யாருங்க வேணும்?"

"அடியே, அக்காடி!"

சிசுரு மிரண்டுபோய் உள்ளே திரும்பினாள். "அக்கா, கொஞ்சம் இங்க வாயேன். யாரோ என்னமோ சொல்றாங்க."

உள்ளேயிருந்து மினேகோ வந்தாள். இடது கன்னத்தில் தழும்போடு.

பல வருடம் கழித்து, சிசுருவின் மகள் கயோவைத் தெருவில் ஒரு பெண் நிறுத்தி இவ்வளவையும் சொல்லியிருக்கிறாள். தலை நரைத்துவிட்டதாம், முகத்தில் ஒரு கீறல் இல்லையாம். கயோ வீட்டுக்கு ஓடிப் போய், "பெரியம்மா, அவங்க சொல்றது பொய்தானே?" என்று கேட்டாள்.

பெரியம்மா தழும்பை மெதுவாகத் தடவிக்கொண்டாள்.

"நான் ஒண்ணும் பிடுங்கலையே கண்ணு... அவளாத்தானே குடுத்தா."