தீக்கு முந்தைய பதினோரு விநாடி

டீயில் சர்க்கரை கொஞ்சம் தூக்கல். பரவாயில்லை, குடித்துக்கொண்டே சொல்கிறேன். நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள்.

நான் செய்திப்படக் கேமராமேன். முப்பது வருஷத்துக்கு முன் அந்தத் தையல் ஆலை எரிந்ததைப் படமெடுத்தவன் நான் ஒருவன்தான். போன மாதம் ஓர் இயக்குநர் பெண் வீடு தேடி வந்தாள். ஆலையைப் பற்றிப் படம் எடுக்கிறாளாம், நடுவே என் காட்சியை அப்படியே சேர்க்க வேண்டுமாம். செத்த பதினான்கு பேரில் அவள் அம்மாவும் ஒருத்தி.

"டிவியில வந்தது தேஞ்சுபோச்சு சார். பெரிய திரைக்கு அசல் சுருள் வேணும். அம்மா எங்கயாவது தெரியறாங்களான்னு பாக்கணும்."

மனசு குளிர்ந்துபோய்ப் பரணிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். அங்கேதான் கோட்டை விட்டேன். காட்சி தொடங்குமுன்பே கேமராவை ஓடவிடுவது எங்கள் பழக்கம். ஒளிபரப்பில் அந்த முனையை வெட்டிவிடுவார்கள், அசலில் அது இருக்கும்.

நேற்று எடிட்டிங் அறைக்குக் கூப்பிட்டாள். திரையில் ஆலை. பதினோரு விநாடிக்குப் புகையே இல்லை.

"தீயே பிடிக்கல. ஸ்டாண்டு போட்டு எதுக்கு சார் காத்துட்டிருந்தீங்க?"

அதுவரை நான் போய்ச் சேரும்போதெல்லாம் எல்லாம் எரிந்து முடிந்திருக்கும். ஆபீஸில் எனக்குச் 'சாம்பல் அண்ணன்' என்றே பெயர். வயிறு எரியும். ஒரே ஒரு தீயை முதலிலிருந்து எடுக்க ஆசைப்பட்டேன், அவ்வளவுதான். விடுமுறை நாள். கீழே பஞ்சுக் கழிவு, அதன்மேல் ஒரு கொசுவத்திச் சுருள். எதிர்க் கட்டட மாடிக்கு நிதானமாக ஏறிப்போக நேரமிருந்தது. யாரும் உள்ளே போய் மாட்டிக்கொள்ளக் கூடாதே என்று கதவை வெளியே தாழிட்டேன். கூடுதல் வேலைக்கு ஆள் வந்திருப்பது எனக்கு எப்படித் தெரியும்? உள்ளே யாருமில்லை என்றுதான் நினைத்தேன், சத்தியமாக.

அவள் மறுபடி ஓட்டிப் பெரிதாக்கினாள். இரண்டாம் மாடி ஜன்னலில் ஒரு பெண், சிரித்தபடி கையாட்டுகிறாள்.

"அம்மா," என்று திரையைத் தொட்டாள். அப்புறம் என் பக்கம் திரும்பினாள். "உங்களைப் பாத்துத்தானே சார் கையாட்டறாங்க?"

வெளியே போய்க் கதவைத் தாழிட்டாள், ஸ்டேஷனுக்குப் போன் போட்டு உங்களைக் கூப்பிட்டாள்.

பார்த்தேனா என்றால், பார்த்தேன். அந்த ஜன்னலுக்கு ஃபோகஸ் மாற்றியிருக்கிறேன், படத்திலேயே தெரிகிறது. இறங்கிப்போய்த் தாழ்ப்பாளைத் திறக்க நேரமிருந்ததா என்கிறீர்களா? இருந்தது. ஆனால் கேமரா ஓடிக்கொண்டிருந்ததே சார்.