மேனாம்பேட்டில் கல் விழுந்த ஞாயிறு

முதல் கல் ஆஸ்பெஸ்டாஸ் கூரையில் விழுகிறது. டப். பிறகு உருளும் சத்தம். அடுத்த கல் ஜன்னல் கண்ணாடியை உடைக்கிறது. அதற்குள் நான் தரையில் கிடக்கிறேன். மகள் என் வயிற்றுக்கடியில். யாழ்ப்பாணத்தில் குண்டுவீச்சுக்குப் பழகிய உடம்பு. யோசிப்பதற்கு முன்பே விழுந்துவிட்டது.

"எல்லாரும் கீழ படுங்கோ! தலையை மூடுங்கோ!"

கத்தியது நான்தான்.

மேனாம்பேட்டில், ஒரு சர்ச்சுக்குப் பின்னால் இருந்த கூடம் அது. தொண்ணூற்றிரண்டு. ஞாயிறு பிற்பகல். உள்ளே பாதிப் பேர் எங்களைப்போலப் படகில் வந்த அகதிகள். மீதிப் பேர் அம்பத்தூர்க்காரர்கள். ஒரு டிவிப்பெட்டி, ஒரு வீடியோ டெக். ஸ்டெல்லா எடுத்த படம் ஓடிக்கொண்டிருந்தது.

ஸ்டெல்லா ஆவடிப் பெண். கல்யாண வீடுகளில் வீடியோ எடுப்பாள். அதில் வரும் காசில் வேறு படங்கள் எடுப்பாள். பட்டறையில் விரல் போனவர்கள். ஏரிக்கரையில் குடிசை இழந்தவர்கள். முந்தைய வருடம் தேர்தல் கூட்டத்தில் நடந்த குண்டுவெடிப்புக்குப் பிறகு, எங்கள் தமிழைக் கேட்டாலே கடைகளில் முகம் திருப்பினார்கள். அவள் கோவில்பதாகையில் எங்கள் வாடகை வீட்டைத் தேடி வந்தாள்.

என் கணவர் ரவீந்திரன் லேத் பட்டறையில் வேலை பார்த்தார். விசாரணை என்று போலீஸார் கூட்டிப்போனார்கள். சாப்பிட்ட கையைக் கழுவவும் விடவில்லை. வழக்கு எதுவும் இல்லை. பூட்டிய முகாமில் வைத்தார்கள். வாசலில் காத்துக் கிடந்த பெண்களை ஸ்டெல்லா படமெடுத்தாள். ஒரு அதிகாரி லென்ஸைக் கையால் மூடினார். அந்தக் கையும் படத்தில் இருந்தது. எங்களுக்கு வீடு கொடுக்காதீர்கள் என்று மேடையில் பேசிய உள்ளூர்த் தலைவரும் இருந்தார்.

கல் விழுந்த அன்று காலையிலேயே அந்தத் தலைவருடைய ஆள் வந்தான்.

"அண்ணன் சொல்ட்டாரு. டேப்ப குட்துட்டு ஊட்டுக்குப் போ."

"அண்ணனையும் இட்டுகினு வா. அவரும் படத்துல கீறாரு," என்றாள் ஸ்டெல்லா.

இப்போது கற்கள் நிற்காமல் விழுகின்றன. எல்லோரும் தரையில். ஸ்டெல்லா மட்டும் டெக் முன்னால் நிற்கிறாள்.

"ஸ்டெல்லா, படுங்கோ!"

"இரு அக்கா. டேப் சிக்கிகினு கீது."

இன்னொரு ஜன்னலின் கண்ணாடி அவள் முகத்தில் சிதறியது. முகத்தைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்தாள். விரலிடுக்கில் ரத்தம். கதவை உதைத்துக்கொண்டு தடிகளோடு ஆட்கள் வந்தார்கள். டெக்கை உடைத்தார்கள். நாடாவை முழம் முழமாக இழுத்து அறுத்தார்கள்.

ஆட்டோவில் அவள் கண்மேல் என் முந்தானையை அழுத்திப் பிடித்திருந்தேன்.

"பாப்பாக்கு அடி கிடி இல்லியே?" என்று கேட்டாள். அது ஒன்றுதான் கேட்டாள்.

போலீஸ் வழக்குப் போட்டது. அவள்மேல். அனுமதியில்லாமல் கூட்டம் போட்டாளாம்.

அந்த மாதமே ரவீந்திரனைக் கப்பலில் ஏற்றி இலங்கைக்கு அனுப்பினார்கள். எனக்குச் சொல்லவில்லை. மன்னாரில் பார்த்ததாக ஒருவர் சொன்னார். அதற்குப் பிறகு தகவல் இல்லை.

போனவற்றைச் சொல்கிறேன். சர்ச்சின் டிவிப்பெட்டி. டெக். ஸ்டெல்லா வீட்டிலிருந்து போலீஸ் எடுத்துப்போன கேமரா, மூல டேப்புகள் எல்லாம். கோவில்பதாகை வீடு, வீட்டுக்காரர் காலி பண்ணச் சொல்லிவிட்டார். ஸ்டெல்லாவின் இடது கண். என் கணவர்.

அந்தப் படத்தில், முகாமின் கம்பிவலைக்குப் பின்னால் நின்று அவர் மகளுக்குக் கையசைத்தார். எங்களிடம் அவருடைய வேறு படம் இல்லை. மகளுக்கு அப்போது மூன்று வயது. அப்பாவின் முகம் இன்று அவளுக்குத் தெரியாது.