உள்ளது உள்ளபடி

மானிப்பாய் பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். ஜன்னலோரம் இருந்தவள் திடீரென்று கொதித்தாள்.

"வழக்கு வெண்டது நாங்கள். ஆனா கக்கூஸை உடைக்கேலாதாம்!"

"ஆரின்ரை கக்கூசடி?"

"பக்கத்து வீட்டு அண்ணையின்ரை. எங்கடை காணிக்குள்ளை கட்டிப்போட்டார். உடைக்கச் சொல்லித் தீர்ப்பு. நேற்று கோர்ட்டு உத்தியோகத்தர் பிஸ்கால், இடிக்கிறதுக்கு அலவாங்குகளோடை ஆக்களைக் கூட்டிக்கொண்டு வந்தவர். அந்த அண்ணை கக்கூசுக்குள்ளை ஓடிப்போய்க் கதவைப் பூட்டிப்போட்டார்."

"ஐயோ, பிறகு?"

"ஆளை உள்ளுக்கை வைச்சுக்கொண்டு எப்பிடி உடைக்கிறது? எல்லாரும் வெய்யிலுக்கை நிண்டம். மத்தியானம் அவரின்ரை லோயர் தடையுத்தரவோடை ஓடி வந்தார். அப்பீல் விசாரிச்சு முடியுமட்டும் எல்லாம் உள்ளது உள்ளபடி இருக்கோணுமாம்."

"அப்ப வெளியிலை வந்திட்டாரோ?"

"எங்கடை இவர் விட்டாத்தானே! கதவடியிலை போய் நிண்டு, 'அண்ணை, உள்ளது உள்ளபடியாம். நீங்கள் வெளியிலை வந்தா நீதிமன்ற அவமதிப்பு' எண்டு கத்தினார்."

நடத்துநர் டிக்கெட் கிழிப்பதை நிறுத்தியிருந்தார்.

"அதுக்கு அவர் என்ன சொன்னவர்?"

"பிறகு உள்ளுக்கையிருந்து மெல்லமாக் கேட்டார், 'அப்ப தண்ணியும் ஊத்தக்கூடாதோ?'"