தட்டின் ஓரத்தில் ஓர் எலும்பு

முழு வான்கோழியிலிருந்து எலும்பெடுப்பது பெரிய வித்தை இல்லை. பொறுமை வேண்டும், கத்தி கூராக இருக்க வேண்டும். முதுகுப் பக்கம் கீறி, கத்தியை எலும்போடு உரசிக்கொண்டே கொண்டுபோக வேண்டும். கொஞ்சம் சாய்ந்தாலும் தோல் கிழிந்துவிடும். உங்கள் வீட்டில் செய்தால் கழுத்தடியில் இருக்கும் கவட்டை எலும்பை முதலில் எடுக்கச் சொல்லுங்கள், ஐயா. மற்றதெல்லாம் பிறகு சுலபமாக வந்துவிடும்.

என் வீட்டுக்காரருக்கு எலும்பென்றால் பயம். அவருடைய பல்செட் மேல் அண்ணம் முழுவதையும் மூடிக்கொள்ளும். வாய்க்குள் என்ன போகிறது என்றே தெரியாது, பார்த்துச் சமையுங்கள் என்று பல் டாக்டர் என்னிடம்தான் சொன்னார். அன்றிலிருந்து அவர் கறியை விரலால் பிய்த்துப் பார்த்துத்தான் சாப்பிடுவார்.

பயம் மட்டும்தான் என்றால் பாவம் என்று விட்டிருப்பேன். அவர் தேடியது என் குறையை. துணுக்கு ஏதாவது கிடைத்தால் தட்டின் ஓரத்தில் வைத்து, தட்டை என் பக்கம் திருப்புவார். வெளியாள் இருந்தால் இன்னும் உற்சாகம். என் தங்கை கல்யாணமாகி முதல் விருந்துக்கு வந்தபோது, அந்தத் தட்டை மாப்பிள்ளை கையில் கொடுத்தே காட்டினார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

எலும்பே இல்லாத வான்கோழி செய்கிறேன் என்று சொல்லி, கொழுந்தனாரையும் அவர் மனைவியையும் மதியச் சாப்பாட்டுக்கு நான்தான் கூப்பிட்டேன். ரொட்டித் தூள், வதக்கிய வெங்காயம், மிளகு எல்லாம் உள்ளே வைத்துச் சுருட்டி, நூலால் இறுக்கிக் கட்டி, வெண்ணெய் பூசி ஓவனில் வைத்தேன். தோல் நல்ல பழுப்பாக, மொறுமொறுவென்று வந்தது. எடுத்தவுடன் வெட்டக் கூடாது, சாறெல்லாம் ஓடிவிடும். அது ஆறுகிற நேரத்தில் குப்பைக் கூடையிலிருந்து கவட்டை எலும்பை எடுத்தேன். கொஞ்சம் முறித்து, இரண்டு முனையையும் சீவினேன். நன்றாகக் கழுவினேன். அழுக்கான எதையும் நான் யாருக்கும் பரிமாறியதில்லை.

வெட்டிய துண்டு ஒன்றுக்குள் அதைச் செருகி, பரிமாறும் தட்டில் மற்ற துண்டுகளுக்கு அடியில் வைத்தேன். கொல்லத்தான் வைத்தாயா என்று கேட்பீர்கள். தேடுகிற மனிதர், கிடைக்கட்டுமே என்றுதான் வைத்தேன்.

முதல் துண்டை அவர் நார் நாராகப் பிய்த்தார். ஒன்றும் இல்லை. இரண்டாவதிலும் இல்லை. கொழுந்தனார் சிரிப்பை அடக்கிக்கொண்டார். என் வீட்டுக்காரர் விரலைத் துடைத்துக்கொண்டு தம்பியிடம் சொன்னார்: "ஒத்துக்கிறேன்டா. இவ சமைச்சத இன்னிக்குக் கண்ண மூடிக்கிட்டுச் சாப்பிடலாம்."

இத்தனை வருஷத்தில் அப்படி ஒரு வார்த்தை அவர் வாயிலிருந்து வந்ததே இல்லை. எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அந்த அடித்துண்டை அப்போதே ஒதுக்கியிருக்கலாம். கரண்டி என் கையில்தான் இருந்தது.

"இன்னொண்ணு வைக்கட்டுமா?" என்று கேட்டேன்.

"வை," என்றார்.

அதை அவர் பிய்க்கவில்லை. வழக்கம்போலத் தேடியிருந்தால் கிடைத்திருக்கும். அது என் தப்பில்லை.

தொண்டையில் சிக்கிக்கொண்டது. கொழுந்தனார் அவர் முதுகில் தட்டிக்கொண்டே இருந்தார். என் வீட்டுக்காரர் தட்டைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். தண்ணீர் கொண்டுவருகிறேன் என்று சமையலறைக்குப் போனேன். டம்ளரைத் தேய்த்துக் கழுவி, துடைத்து, நிரப்பி, சிந்தாமல் கொண்டுவந்தேன். அதற்குள் முடிந்துவிட்டது.

நீங்களும் விபத்து என்று கேஸை முடித்துவிட்டீர்கள். நானும் வாயைத் திறந்திருக்க மாட்டேன். கொழுந்தனார் நல்லவர். துக்கம் விசாரிக்க வந்தவர்களிடமெல்லாம் எனக்காகப் பரிந்து பேசினார்.

"அண்ணிய யாரும் ஒண்ணும் சொல்லாதீங்க. அவ்வளவு எலும்புல ஒண்ணு கைதவறி விட்டுப்போச்சு."

எல்லோரும் தலையாட்டினார்கள். தங்கை மாப்பிள்ளையும் ஆட்டினார்.

அதனால்தான் நானே வந்தேன், ஐயா. அந்த வான்கோழியில் நான் ஓர் எலும்பைக்கூட விட்டுவைக்கவில்லை. அந்த ஒன்று நான் வைத்தது. எனக்கு என்ன தண்டனை வேண்டுமானாலும் கொடுங்கள். கைதவறிவிட்டது என்று மட்டும் யாரும் சொல்ல வேண்டாம்.