குழந்தைகள் கொடுத்த வார்த்தை

இருங்காட்டுக்கோட்டையில் ஷிப்ட் முடிந்து கிளம்பிய கம்பெனி பஸ்ஸில், எனக்கு முன்சீட்டில் யூனிஃபார்மோடு இரண்டு பெண்கள்.

"ஒரு நாட்டுக்கே கொழந்தைங்கதான் வார்த்தை சொல்லிக் குடுத்துக்கீதுங்க, தெரியுமாக்கா?" என்றாள் இளையவள்.

"இன்னாடி சொல்ற?"

"நம்ம லைனுக்கு மிஷின் மாட்ட லண்டன்லேர்ந்து ஒருத்தரு வந்துக்கீறாரு இல்ல? ஸ்பேனர் எடுத்துக் குடுத்தா 'டா'ன்றாரு. மொதல்ல கோவமே வந்துச்சு. டிக்‌ஷனரில பாத்தா, தேங்க்ஸுன்னு அர்த்தமாம். தேங்க் யூ சொல்ல வராத கொழந்தைங்க 'டா'ன்னுச்சாம். பெரியவங்களும் அதையே புடிச்சிக்கினாங்களாம்."

"அப்போ டாட்டா?"

"அதுவும் கொழந்தைங்க பேச்சுதான்க்கா."

"அம்மாடி! அவ்ளோ பெரிய மனுசன் வாயில!"

மூத்தவள் ஜன்னலுக்கு வெளியே போன பஸ்ஸைக் காட்டி, "ரெண்டு வயசு முடிஞ்சும் எம்புள்ள பஸ்ஸ 'பூபு'ன்றான். வூடே சேந்து திருத்திக்கினு கீறோம்" என்றாள்.

தன் ஊர் நெருங்கி பஸ் வேகம் குறைந்ததும் மூத்தவள் வீட்டுக்குப் போன் போட்டாள். பஸ்ஸே திரும்பிப் பார்க்கும்படி சத்தமாகச் சொன்னாள்:

"கண்ணு, வாசலுக்கு வா. பூபு பென்னலூர் வந்துடுச்சு!"