பூஜ்யம் என்றால் வலது, ஒன்று என்றால் இடது

அவைக்கு அணியாக வீற்றிருக்கும் தலைவர் அவர்களே! நோய்க்கு மருந்து தரும் மருத்துவப் பெருமக்களே! அந்த நோய்க்கு எண் தரும் என் இனமான குறியீட்டுத் தோழர்களே! தொழில் சொல்லிக் கொடுத்துவிட்டு, முதல் வரிசையில் அமர்ந்து எங்களை அளந்துகொண்டிருக்கும் மூத்தோரே! பிள்ளைகளை மடியில் வைத்துக்கொண்டு இந்த வறண்ட துறையின் ஆண்டு விழாவுக்கும் வந்திருக்கும் தாய்மார்களே! உங்கள் அனைவரையும் தலை தாழ்த்தி வணங்குகிறேன். இன்று என் தலை தாழ்வதற்கு வணக்கம் மட்டும் காரணமில்லை.

துல்லியத்தைப் பற்றிப் பேசு என்று என்னை அழைத்தார்கள். துல்லியத்தைப் பற்றிப் பேச எனக்குத் தகுதியில்லை. அது தவறிய கதையைச் சொல்லத் தகுதி இருக்கிறது. அதைச் சொல்கிறேன்.

தாய்மார்களுக்காக ஒரு சிறு விளக்கம். ஒருவருக்கு விரல் எலும்பு முறிகிறது. மருத்துவர் எழுதுகிறார். அந்த எழுத்தை நாங்கள் குறியீடாக்குகிறோம். எந்தக் கை, எந்த விரல், விரலில் எந்த எலும்பு, எலும்பு விலகியதா, தோல் கிழிந்ததா, வந்தது முதல் முறையா மறுமுறையா, அத்தனையும் ஏழே இடங்களில் அடக்கம். அதில் ஆறாவது இடத்தில் பூஜ்யம் போட்டால் வலக்கை ஆள்காட்டி விரல். ஒன்று போட்டால் இடக்கை ஆள்காட்டி விரல். கணினி விசைப்பலகையின் வலப்பக்க எண்கட்டத்தில் பூஜ்யத்துக்கு நேர் மேலே குந்தியிருக்கிறது ஒன்று.

அங்கே ஒரு தங்கை சிரிக்கிறார். சிரியம்மா, தப்பில்லை. போன ஆண்டு வரை நானும் சிரித்துக்கொண்டிருந்தவன்தான்.

போன ஆண்டு ஒரு முற்பகலில் ஒரு பெண்மணியின் கோப்பு என் திரைக்கு வந்தது. ஆள்காட்டி விரலில் எலும்பு கோணலாகக் கூடிவிட்டது. மறுபடி உடைத்து நேராக்க வேண்டும். கோணலாகக் கூடியதற்குக் குறியீட்டின் கடைசி எழுத்து வேறு. அதைப் போடுமுன் பழைய பதிவைத் திறந்தேன். பேருந்துக் கதவில் நசுங்கிய விரல். மருத்துவர் எழுதியது 'வலது'. எக்ஸ்ரே காட்டியது வலது. குறியீடு சொன்னது இடது! காப்பீட்டு அலுவலகம், 'படமும் குறியீடும் பொருந்தவில்லை' என்று அறுவைக்கு அனுமதி மறுத்திருக்கிறது. திருத்தம் கேட்ட கடிதம் ஒரு மேசை, அதற்கு ஒப்புதல் இன்னொரு மேசை, அதை ஏற்றுவது மூன்றாவது மேசை. இருபத்தாறு நாள்! எலும்பு காத்திருக்குமா? கடிதம் வரட்டும் என்று எலும்பு கைகட்டி நிற்குமா? அது தன் பாட்டுக்கு, தனக்குத் தெரிந்த கோணலில், கூடிக்கொண்டே இருந்திருக்கிறது.

அந்த முதல் குறியீட்டைப் போட்டது யார் என்று பார்த்தேன். என் பணியாளர் எண்.

மேற்பார்வையாளரிடம் ஓடினேன். நல்ல மனிதர்தான். மூக்குக் கண்ணாடியைக்கூடக் கழற்றவில்லை. "அதான் திருத்தியாச்சேப்பா. முடிஞ்சதை எதுக்குக் கிளறுறே? உன் வரிசையில இன்னும் நாப்பது ஃபைல் நிக்குது, போய்ப் பாரு" என்றார்.

போய்ப் பார்த்தேன் தோழர்களே. நாற்பதையும் முடித்தேன். அதுதான் எனக்கு இன்றும் ஆறவில்லை.

விரலை உடைத்து நேராக்கிய அறுவை நடந்து இரண்டு மாதம் கழித்து அந்த அம்மாவைத் தேடிப் போனேன். நோயாளியைத் தேடிப் போவது விதிமீறல். தலைவர் அவர்கள் என்னைப் பார்க்கும் பார்வை புரிகிறது, ஐயா. அவர் கோப்பில் தொழில் என்ற கட்டத்தில் 'மெய்ப்புத் திருத்துநர்' என்று இருந்தது. வேலை செய்யும் இடம், பார்வையற்றோருக்கான புத்தக அச்சகம். அவருக்குப் பிறவியிலேயே பார்வை கிடையாது. புடைத்த புள்ளிகளை விரலால் தடவிப் படித்து, அச்சில் உள்ள பிழைகளைப் பிடிப்பவர். இருபது ஆண்டுகளாக அவர் படித்தது எந்த விரலால் என்று நான் சொல்லவும் வேண்டுமா?

அச்சகத்தில் அவரைப் பிழை திருத்தும் மேசையில் காணவில்லை. பின்கட்டில், தாள்களை அடுக்கிக் கட்டும் இடத்தில் இருந்தார். ஐம்பது வயது இருக்கும். நான் யார் என்று சொன்னேன். கை வேலையை நிறுத்தவில்லை.

"அப்ப நீங்கதானா அது? அக்காவும் நானும் கவுன்டர்ல போய்க் கேட்டோம் சார். 'சிஸ்டத்துல இடதுன்னு இருக்கு'ன்னாங்க. நான் கட்டுப் போட்ட கையைத் தூக்கிக் காட்டினேன். 'கையைக் காட்டினா செல்லாதும்மா, பேப்பர்தான் செல்லும்'னாங்க."

"இப்ப விரல் எப்படி இருக்கும்மா?"

"நேராயிடுச்சு. டாக்டர் சந்தோஷப்பட்டார். நுனியிலதான் ஒண்ணும் தெரியல. புள்ளி மேல வச்சாலும் ஒண்ணுதான், மேசை மேல வச்சாலும் ஒண்ணுதான்."

"இடது கையால…"

"பழகறேன். ஒண்ணாங்கிளாஸ் பிள்ளை மாதிரி எழுத்துக் கூட்டறேன். ஒரு பக்கத்துக்கு முக்கால் மணி நேரம். அந்த வேகத்துக்கு யார் சார் பிழை பார்க்க விடுவாங்க?"

மன்னித்துவிடுங்கள் என்றேன். அப்போதுதான் அவர் கை நின்றது.

"நான் என்ன சொல்லணும்னு வந்திருக்கீங்க? பரவாயில்லைன்னா? சொல்லிடலாம். நீங்க நிம்மதியா வீட்டுக்குப் போயிடுவீங்க. நான் எங்க சார் போறது?"

  பிறகு அவரே கேட்டார்: "அந்த நம்பர்ல என்ன தப்பு விழுந்துச்சு?" பூஜ்யத்துக்குப் பதில் ஒன்று என்றேன். "அவ்வளவுதானா?" என்றார். கோபமாகக் கேட்டிருந்தால் தாங்கியிருப்பேன். வியப்பாகக் கேட்டார்.

பின்வரிசையில் ஒரு தோழர், "வேகத்தைக் கூட்டினது நிர்வாகம், நீங்க என்ன செய்வீங்க?" என்கிறார். உண்மை. மணிக்கு இருபத்திரண்டு கோப்பு என்பது நிர்வாகம் வகுத்த வேகம். ஆனால் தோழரே, அந்த விசையை அழுத்தியது நிர்வாகத்தின் விரலா? என் விரல்! வலக்கை ஆள்காட்டி விரல்! அலுப்பிலே அழுத்தினேன். அவசரத்திலே அழுத்தினேன். அடுத்த கோப்பு அழைக்கிறதே என்ற அச்சத்திலே அழுத்தினேன்.

நூறு கோப்புக்கு இரண்டு பிழை வரை அனுமதி உண்டு என்கிறது நம் விதி. அந்தக் கணக்கில் நான் சிறந்த ஊழியன்; போன ஆண்டு பாராட்டுக் கடிதம்கூட வாங்கினேன். அனுமதி தந்தது யார்? நாம். பெற்றது யார்? நாமே! பிழை விழுந்த அந்த இரண்டு பேரிடம் நம்மில் யாராவது ஒரு வார்த்தை கேட்டோமா? கேட்டால் எந்தக் கையை நீட்டுவார்கள்? எந்த விரலைத் தருவார்கள்?

தீர்வு சொல்வேன் என்று எதிர்பார்த்திருப்பீர்கள். என்னிடம் இல்லை. வலது, இடது என்று வாய்விட்டுச் சொல்லிச் சொல்லிப் போடுகிறேன். பக்கத்து மேசைக்காரர்கள் சிரிக்கிறார்கள். மணிக்குப் பதினான்குக்கு மேல் முடிவதில்லை. எச்சரிக்கைக் கடிதம் இரண்டு வந்துவிட்டது, மூன்றாவது வந்தால் என் மேசையும் போய்விடும். அங்கே வந்து உட்காரப் போகிறவர் என்னைவிட வேகமானவராகத்தான் இருப்பார். 

கசந்ததைக் கைதட்டாமல் கேட்டீர்கள். அதற்கு என் நன்றி. வந்திருக்கும் அத்தனை கைகளுக்கும் என் வணக்கம்.